மூன்றாம் இல்நாள்

எங்கள் வீட்டுப் பெயருக்கு நேரே சிவப்பு மை விழுந்ததில்லை. அடைக்கலராஜ் தன்னைப் பற்றிச் சொல்லிக்கொள்வதில் இது இரண்டாவது வாக்கியம். முதல் வாக்கியம் அவர் பெயர்.

அவருடைய தாத்தா பொன்மலை ரயில்வே பணிமனையில் கொல்லுப் பட்டறையில் இருந்தார். அப்பா பாய்லர் பிரிவு. அடைக்கலராஜ் அங்கேயே டைம் ஆபீஸில் சேர்ந்து தலைமை டைம்கீப்பராக ஓய்வு பெற்றார். மூவருமாகத் தொண்ணூற்றாறு வருஷம். அத்தனை வருஷத்தில் வருகைப் பதிவேட்டில் அவர்கள் பெயருக்கு நேரே சிவப்பு மையில் ஆப்சென்ட் என்றோ லேட் என்றோ ஒரு புள்ளி விழவில்லை. தாத்தா செத்ததுகூட ஒரு ஞாயிற்றுக்கிழமைதான்.

காலையில் சங்கு ஊதியபின் பத்து நிமிஷம் சலுகை. பதினோராவது நிமிஷம் அடைக்கலராஜ் பதிவேட்டில் கடைசிக் கையெழுத்துக்குக் கீழே ரூல்தடியை வைத்துச் சிவப்புக் கோடு இழுப்பார். கோட்டுக்குக் கீழே கையெழுத்துப் போடுகிறவர் லேட். காரணம் கேட்கிற வழக்கம் கிடையாது. தொண்ணூற்று நாலாம் வருஷம் ஆகஸ்ட் மாதம் கோட்டுக்குக் கீழே வந்து நின்றவர் அவருடைய மனைவி லூர்துராணியின் தம்பி பிரான்சி. சைக்கிள் செயின் கழன்றுவிட்டதாம், கையெல்லாம் கிரீஸ். அந்தக் கையோடேயே அவரைக் கையெழுத்துப் போடச் சொல்லி, பக்கத்தில் சிவப்பு மையில் குறித்தார். பிரான்சி அன்றிலிருந்து அக்காள் வீட்டுக்கு வருவார், காப்பி குடிப்பார், அக்காள் புருஷனோடு மட்டும் பேசமாட்டார்.

"அது உங்க வீட்டுப் பேரு. எங்க வீட்டுப் பேரு இல்லை" என்று மனைவிக்கு ஆறுதல் சொன்னார் அடைக்கலராஜ். அது ஏன் ஆறுதலாகப்படவில்லை என்பது முப்பத்திரண்டு வருஷமாக அவருக்குப் புரியவில்லை.

அப்படிப்பட்ட வீட்டுக்கு, மகள் பெலிண்டாவின் கல்யாணத்துக்குப் பதினாறு நாள் இருக்கும்போது, ஒரு கடிதம் வந்தது.

பெலிண்டா வேலை பார்ப்பது ஸ்ரீரங்கத்தில், நீலாழி நாடு உருவாக்கக் கழகத்தில். முக்கொம்பு தாண்டிக் கொள்ளிடக் கரையில் நீலாழி நாடு என்றொரு கற்பனை தேசத்தை உண்டாக்கிச் சுற்றுலாப் பயணிகளை அதில் உலவவிடுவது திட்டம். கோட்டை, கப்பல், கடல் அரசனின் அரண்மனை, இரண்டு யாளிகள். பதினோரு வருஷத்தில் இவற்றில் எதுவும் ஆரம்பிக்கவில்லை. நாட்காட்டி மட்டும் முடிந்திருந்தது. கரையில் ஒரு பெயர்ப் பலகை நட்டிருந்தார்கள். ஒரு வெள்ளத்தில் அது கல்லணைப் பக்கம் போய்விட்டது.

பெலிண்டா மழைப் பிரிவில் இளநிலை உதவியாளர். நீலாழி நாட்டில் எந்தெந்த நாளில் மழை பெய்யும் என்று எழுதி மேலே அனுப்புவார்கள். மேலே இருப்பவர்கள் மழையைக் குறைத்து அனுப்புவார்கள். அடைக்கலராஜ் உறவுக்காரர்களிடம், "நிரந்தர வேலை. மழை சம்பந்தப்பட்டது" என்று நிறுத்திக்கொள்வார்.

அந்த நாட்டுக்குப் பத்து மாதம். மாதத்துக்கு முப்பத்தாறு நாள். வாரத்துக்கு ஒன்பது கிழமை, அதில் கடைசி மூன்று விடுமுறை. இதை உயிருள்ள மனிதர்களிடம் ஓராண்டு சோதித்த பின்பே நடைமுறைப்படுத்த வேண்டும் என்று ஆணை இருந்தது. கழகத்தின் கையில் இருந்த உயிருள்ள மனிதர்கள் அதன் ஊழியர்கள் நாற்பத்து நாலு பேர். ஆகவே அவர்கள் நீலாழி நாட்டுக் கணக்கில் ஆபீஸ் போய்வந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை எந்தக் கிழமையில் வந்து விழும் என்று சொல்ல முடியாது. கோயிலில் பெலிண்டாவின் கல்யாண ஓலை, அதாவது இன்னாருக்கும் இன்னாருக்கும் கல்யாணம் என்கிற அறிவிப்பு, மூன்று ஞாயிறு வாசிக்கப்பட்டது. அவள் காதால் கேட்டது முதல் ஓலையைத்தான். மற்ற இரண்டு ஞாயிறும் அவள் மழையை முடிவு செய்துகொண்டிருந்தாள்.

கடிதத்தில் இப்படி இருந்தது: "தாங்கள் திருமண விடுப்புக் கோரியுள்ள 12.02.2026 என்பது நீலாழி நாட்காட்டியில் மூன்றாம் இல்நாள் ஆகும். இல்நாள் என்பது இல்லாத நாள். இல்லாத நாளுக்கு விடுப்பு வழங்க விதிகளில் இடமில்லை. எனினும் அன்று அலுவலகம் வழக்கம்போல் இயங்கும். வராதவர் பெயருக்கு நேரே சிவப்பு மையில் ஆப்சென்ட் குறிக்கப்படும்."

அடைக்கலராஜ் அதை இரண்டு முறை வாசித்தார். சிவப்பு மை என்ற இடத்தில் இரண்டு முறையும் நின்றார்.

"விடுங்கப்பா. ஒரு ஆப்சென்ட்தானே. போட்டுட்டுப் போகட்டும்" என்றாள் பெலிண்டா. அவள் புடவைக்கு ரவிக்கைத் துணி பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஒரு ஆப்சென்ட்தானேயா? உங்க தாத்தா அம்மை போட்டிருந்தப்ப வேப்பிலையோட போய்க் கையெழுத்துப் போட்டாரு."

"அதனாலதான் பாய்லர் பிரிவுல பாதிப் பேருக்கு அம்மை வந்துச்சு" என்றாள் லூர்துராணி அடுப்படியிலிருந்து.

கல்யாணத்தை நகர்த்தவும் வழியில்லை. பதினெட்டாம் தேதி சாம்பல் புதன். தவக்காலம் தொடங்கிவிட்டால் ஈஸ்டர் வரை கோயிலில் கல்யாணம் கிடையாது. மாப்பிள்ளை டோனிக்குக் குவைத்தில் கொடுத்த லீவு இருபதாம் தேதியோடு சரி. அடுத்த லீவு அடுத்த வருஷம். இடையில் வேறு நாளுக்கு மண்டபம் இல்லை. எனவே ஒன்று பெலிண்டாவுக்குப் பன்னிரண்டாம் தேதி லீவு வேண்டும், அல்லது தொண்ணூற்றாறு வருஷத்து வெள்ளைப் பதிவேட்டில் சிவப்பு விழவேண்டும். அடைக்கலராஜ் சட்டைக்கு இஸ்திரி போட்டார்.

மறுநாள் கே.கே. நகரில் பஸ் ஏறி, சத்திரம் பஸ் நிலையத்தில் மாறி, ஸ்ரீரங்கம் போய் இறங்கினார். கழகம் இருந்தது ஒரு பழைய கல்யாண மண்டபத்தில். வாசலில் வாழைமரம் கட்டும் கொக்கிகள் அப்படியே இருந்தன. வரவேற்பில் சந்தனக் கிண்ணம் வைக்கிற மேசைக்குப் பின்னால் செல்லக்கிளி என்ற பெண் உட்கார்ந்திருந்தாள். வருகைப் பதிவேடும் அவள் பொறுப்புதான் என்று தெரிந்ததும் அடைக்கலராஜுக்கு அவள்மேல் ஒரு மரியாதை வந்தது. பார்வையாளர் நோட்டில் தேதி எழுதினார்.

"இருபத்தெட்டு ஜனவரின்னு போட்டிருக்கீங்களே சார்" என்றாள்.

"இன்னிக்கு இருபத்தெட்டுதானேம்மா?"

"அது வெளியில சார். வாசப்படி தாண்டிட்டீங்கன்னா நத்தை மாசம் இருபத்து நாலு, ஆமைக்கிழமை. அடிச்சுட்டு எழுதுங்க. சீக்கிரம் பாத்துட்டுப் போயிருங்க, நாளையிலேர்ந்து மூணு நாள் லீவு."

அடைக்கலராஜ் வாழ்க்கையில் ஒரு தேதியை அடித்தது அதுதான் முதல் தடவை. அடித்துவிட்டு, அடித்ததற்குச் சாட்சியாகப் பக்கத்தில் சின்னக் கையெழுத்தும் போட்டார்.

காலப் பிரிவுக் கண்காணிப்பாளர் சேக் மைதீனின் இடம் பழைய பந்திக் கூடத்தின் கோடியில் இருந்தது. அவர் தலைக்கு மேல் 'கை கழுவும் இடம்' என்ற பலகை தொங்கியது. அதைக் கழற்றக் கோப்பு போயிருந்தது, திரும்பி வரவில்லை. சேக் மைதீன் நல்ல மனிதர். டீ வாங்கிக் கொடுத்துவிட்டு விளக்கினார்.

"பத்து மாசம், முப்பத்தாறு நாள். முந்நூத்தி அறுபது ஆச்சா? பூமி சுத்தி வர்றதுக்கு முந்நூத்தி அறுபத்தஞ்சு எடுத்துக்குது. அதுக்கு நாங்க என்ன செய்ய முடியும் சார், பூமி நம்ம கட்டுப்பாட்டுல இல்லை. மிச்சம் அஞ்சு நாள். அந்த அஞ்சையும் எல்லாப் பிரிவும் கேட்டுச்சு. திருவிழாப் பிரிவு கேட்டுச்சு, மழைப் பிரிவு கேட்டுச்சு, யாளிப் பிரிவு எழுத்துலேயே கேட்டுச்சு. உபகுழு போட்டோம். அறிக்கை வர்ற வரைக்கும் அந்த அஞ்சு நாளும் இல்லைன்னு தீர்மானமாச்சு."

"சரிங்க. இல்லாத நாளைக்கு எதுக்கு ஆபீஸுக்கு வரணும்?"

சேக் மைதீன் முகம் மலர்ந்தது. சரியான கேள்விக்காகப் பல வருஷம் காத்திருந்தவர் போலிருந்தார். "எல்லாரும் வீட்ல இருந்துட்டா அது விடுமுறை ஆயிடும். விடுமுறைன்னா அது ஒரு நாள். அப்ப நாள் இருக்குன்னு ஆயிடுதா இல்லையா? நாங்க வந்து உட்கார்ந்திருந்தாத்தான் சார் அது இல்லாம இருக்கும்."

"வந்து என்ன வேலை பாப்பீங்க?"

"மத்த நாள்ல என்ன பாக்குறோமோ அதேதான்."

அடைக்கலராஜ் டீயைக் கீழே வைத்தார். "என் பொண்ணுக்குக் கல்யாணம் சார். மூணு ஓலை படிச்சாச்சு. ஏதாவது ஒரு வழி சொல்லுங்க."

சேக் மைதீன் விதிப் புத்தகத்தைப் புரட்டினார். உண்மையாகவே உதவ வேண்டும் என்ற தவிப்பு அந்தப் புரட்டலில் இருந்தது. "இல்நாளைத் தாண்டிப் போற மாதிரி நீளமான லீவு ஒண்ணு எடுத்தா, நடுவுல அது மாட்டிக்கிட்டுப் போயிரும். அப்படி நீளமா இருக்கிறது..." விரலை ஓரிடத்தில் வைத்தார். "பிரசவ லீவுதான். ஆறு மாசம்."

"சார், கல்யாணமே இன்னும் ஆகலை."

"விண்ணப்பம் முன்கூட்டியே குடுக்கிறது எப்பவும் நல்லதுதானே சார்."

அடைக்கலராஜ் எழுந்தார். முதுகு நேராக இருந்தது. அது எப்போதும் நேராகத்தான் இருக்கும். இப்போது நாற்காலிக்கும் அது தெரிந்தது. "நாங்க மூணு தலைமுறையா ஒரே கோயில்ல கல்யாணம் பண்ணுற குடும்பம். இதை என் சம்சாரம் காதுல விழாமப் பாத்துக்குங்க" என்றார்.

"அப்ப மேலாண் இயக்குநரைத்தான் பாக்கணும். ஞாயித்துக்கிழமை வாங்க. எங்களுக்கு அன்னைக்கு வாரத்துல முதல் நாள், எல்லாரும் தெளிவா இருப்பாங்க."

ஞாயிறு காலை முதல் பூசை பார்த்துவிட்டு அடைக்கலராஜ் மறுபடி போனார். மேலாண் இயக்குநர் ரெங்கராஜின் மேசை மணமேடையின்மேல் போடப்பட்டிருந்தது. பின்னால் பிளாஸ்டர் தாமரை. நெற்றியில் பளிச்சென்ற திருமண். அவரோடு நாட்காட்டிக் குழுவின் பதினோரு பேரும் மேடையில் அரைவட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். ஃபோட்டோவுக்கு நிற்கிற உறவுக்காரர்கள் போலிருந்தது. அடைக்கலராஜ் கீழே நின்றார். மொய்க்கவர் கொண்டுவரவில்லையே என்று ஒரு கணம் கை சட்டைப் பையைத் தொட்டது.

"வாங்கோ, வாங்கோ. க்ஷேமமா இருக்கேளா?" என்றார் ரெங்கராஜ். "அடியேன் உங்க குமாரத்தியோட விண்ணப்பத்தை வாசிச்சேன். உங்க மனஸ்தாபம் நியாயம். ஆனா ஒண்ணு யோசிக்கணும். எங்க ஊர்ல வருஷத்துல முக்கால்வாசி நாள் உற்சவம். அதைப் பார்த்து வளர்ந்தவன்னுதான் அடியேனை இந்தக் கைங்கர்யத்துக்கு நியமிச்சா. வந்த முதல் நாளே சொல்லிட்டேன், கோட்டை அப்புறம், கப்பல் அப்புறம், முதல்ல விடுமுறைப் பட்டியல். ஒரு லோகத்தைச் சிருஷ்டி பண்றதுன்னா, அங்க என்னிக்கு வேலை இல்லைங்கறது முதல்ல நிச்சயமாகணும். வேலை என்னங்கறது தானா நிச்சயமாகும்."

பதினோரு தலைகள் ஆடின.

"இதுவரைக்கும் நூத்துப் பதினாலு விடுமுறை நிச்சயம் பண்ணியிருக்கோம். யாளி முட்டையிட்ட திருநாள்னு ஒண்ணு போட்டோம். யாளி முட்டையிடாது, குட்டிதான் போடும்னு ஒரு சாரார் ஆக்ஷேபம். பதினாலு மாசம் விசாரணை. தூண்ல இருக்கிற யாளியெல்லாம் போய்ப் பார்த்தோம், ஒண்ணாவது அந்த நிலையில இல்லை. கடைசில ரெண்டையும் விடுமுறையா வச்சுட்டோம். இப்படி எல்லாரையும் அரவணைச்சுப் போற ஸ்தாபனம் இது. உங்களை மட்டும் விட்டுடுவோமா?"

அடைக்கலராஜுக்கு நம்பிக்கை வந்தது. குழு உடனே கூடியது, அதாவது இருந்த இடத்திலேயே நாற்காலிகளைச் சற்று நெருக்கிப் போட்டுக்கொண்டது. மூன்றாம் இல்நாளை மட்டும் ஒரு நாளுக்குத் தற்காலிகமாக இருக்க அனுமதிக்கலாமா என்பது பொருள். ஒன்றரை மணி நேரம் பேசினார்கள். முதல் இல்நாளும் இரண்டாம் இல்நாளும் இல்லாதபோது மூன்றாவது மட்டும் எப்படி வந்து சேரும், எதன் வழியாக நடந்து வரும் என்று ஒருவர் கேட்டார். அதோடு பேச்சு முடிந்தது. தீர்மானம் தோற்றது.

"கல்யாணத்தை ஒரு வாரம் ஒத்திப் போடப்படாதோ?" என்றார் ரெங்கராஜ், ரொம்பக் கனிவாக.

"முடியாதுங்க. பதினெட்டாம் தேதி தவக்காலம் ஆரம்பம். நாப்பது நாள். ஈஸ்டர் வரைக்கும் கல்யாணம் கிடையாது."

மேடை ஓரத்தில் நின்ற சேக் மைதீன் விரல்விட்டு எண்ணிக்கொண்டிருந்தார். "ஈஸ்டர் ஏப்ரல் அஞ்சுதானே சார்? பதினெட்டாம் தேதியிலேர்ந்து எண்ணினா நாப்பத்தாறு வருதே."

"நடுவுல ஆறு ஞாயிறு இருக்கு. ஞாயிறு கணக்குல சேராது."

சொல்லி முடித்தபிறகுதான் தான் சொன்னது அடைக்கலராஜின் காதில் விழுந்தது. பதினோரு பேரும் அவரைப் பார்த்த பார்வையில் வெற்றியே இல்லை. ரொம்ப நாளாகத் தேடிய சொந்தக்காரனைக் கண்டதுபோல் பார்த்தார்கள்.

"அப்ப உங்ககிட்டயும் ஆறு இல்நாள் இருக்கு" என்றார் சேக் மைதீன். "எங்களுக்கு அஞ்சுதான் சார்."

அடைக்கலராஜ் அன்று சத்திரம் வரை பஸ்ஸில் நின்றுகொண்டே வந்தார். உட்கார இடம் இருந்தது.

வீட்டில் லூர்துராணி பத்திரிகைக்கு மஞ்சள் தடவிக்கொண்டிருந்தாள். பிரான்சிக்கு ஒன்று எழுதி வைத்திருந்தாள். "தாய்மாமன். அவன் வந்துதான் ஆகணும்" என்றாள். "நீங்க ஒரு வார்த்தை கூப்பிட்டா என்ன?"

"அவன் வேலைக்கு வர்றதுக்கே என்னைக்கும் அவசரப்பட்டவன் இல்லை. கல்யாணத்துக்கு நேரத்தோட வரச் சொல்லு" என்றவர், சட்டென்று நிறுத்தினார். பிரான்சி பெயரோடு இன்னொன்று நினைவுக்கு வந்துவிட்டது. பிரான்சி வேலை பார்த்தது கிரேன் பகுதியில். எங்காவது ரயில் தடம் புரண்டால் பொன்மலையிலிருந்து கிரேன் வண்டி புறப்படும். அதோடு டைம்கீப்பரும் பதிவேட்டைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு ஏறுவார். அரியலூர் பக்கம் வயல்காட்டில் நின்றுகூட அவர் கையெழுத்து வாங்கியிருக்கிறார். பணிமனை என்பது கட்டடமில்லை, பதிவேடு எங்கே இருக்கிறதோ அங்கேதான் பணிமனை. இதை அவருக்குச் சொல்லிக்கொடுக்க யாரும் வேண்டியிருக்கவில்லை. விதியிலேயே இருந்தது.

மறுநாள் மணமேடைக்குக் கீழே நின்று இதை அவர் சொன்னபோது குழு அசையாமல் கேட்டது.

"பதிவேட்டைப் பன்னிரண்டாம் தேதி எங்க கோயில் வாசலுக்குக் கொண்டுவாங்க. எல்லாரும் அங்க வந்து கையெழுத்துப் போடட்டும். என் பொண்ணும் போடுவா. அவளுக்கு லீவே வேண்டாம்."

"நாளே இல்லைங்கும்போது இடம் மட்டும் எதுக்கு இங்கயே இருக்கணும்?" என்றார் சேக் மைதீன் மெல்ல.

ரெங்கராஜ் கண்ணை மூடித் திறந்தார். "களப் பரிசோதனை. ஏற்பாடு பண்ணிடலாம். போஜனம் எப்படி?"

"பிரியாணி. சைவத்துக்குத் தனிப் பந்தி. சமையல்காரர் வேற, பாத்திரம் வேற."

தீர்மானம் ஒருமனதாக நிறைவேறியது. பதினோரு வருஷத்தில் முதல் முறை. ஒரு சிக்கல்தான். இல்நாளில் ஆபீஸுக்கு வெளியே பதிவேட்டில் கையெழுத்து வாங்க ஊழியர் யாருக்கும் அதிகாரமில்லை என்றாள் செல்லக்கிளி. வெளியாள் ஒருவர் வேண்டும், அனுபவமுள்ளவர். எல்லாரும் அடைக்கலராஜைப் பார்த்தார்கள். அன்று பகலிலேயே ஆணை கையில் கிடைத்தது: இல்நாள் நேரக் காப்பாளர், கௌரவம். பத்து மணிக்கு வருகை. பத்து நிமிஷம் சலுகை. அதன்பின் சிவப்புக் கோடு. கடைசி மூன்றும் அவரே சொல்லி எழுதச் செய்தவை.

கல்யாணம் வரை அவர் வேறு எதையும் கவனிக்கவில்லை. புது ரூல்தடி வாங்கினார். சிவப்புப் பேனா மூன்று வாங்கினார். முந்தின நாள் பதிவேடு வீட்டுக்கு வந்தபோது பட்டு வேட்டியில் சுற்றி வைத்தார். மாப்பிள்ளைக்கு வாங்கிய வேட்டி.

பன்னிரண்டாம் தேதி காலை ஒன்பதுக்கு, ரோஜா மாலையும் ரிப்பனும் கட்டிய கார் வாசலில் வந்து நின்றது. அடைக்கலராஜ் கோட்டுப் போட்டுத் தயாராக இருந்தார். பதிவேட்டை மடியில் வைத்துக்கொண்டு பின் சீட்டில் ஏறினார். "பொன்மலைக் கோயிலுக்கு விடு. நிதானமாப் போ, ஆனா நிக்காதே" என்றார்.

கோயில் வாசலில் அலங்காரக் காரைக் கண்டதும் பேண்டுக்காரர்கள் வாசிக்கத் தொடங்கினார்கள். சின்னப் பிள்ளைகள் பூத்தட்டோடு ஓடி வந்தார்கள். கதவைத் திறந்து பதிவேட்டோடு அடைக்கலராஜ் இறங்கினார். பூத்தூவிய பிள்ளைகள் பாதியில் நிறுத்திக்கொண்டன. அவர் மேசை போட்டு, நாற்காலி போட்டு, ரூல்தடியை வலப்பக்கம் வைத்து உட்கார்ந்தார். பதினோரு வருஷத்துக்குப் பிறகு ஒரு வரிசை அவர் முன்னால் உருவானது. அந்த வரிசையைப் பார்க்க அவருக்கு நெஞ்சு நிறைந்தது.

பத்து மணிக்குள் நாற்பத்து மூன்று பேரும் கையெழுத்துப் போட்டுவிட்டார்கள். பந்தி இருக்கிற நாளில் யாரும் தாமதமாக வருவதில்லை. பத்து பத்து. பத்து பதினொன்று. அடைக்கலராஜ் ரூல்தடியை வைத்து, மூச்சைப் பிடித்து, சிவப்புக் கோட்டை இழுத்தார். அத்தனை நேரான கோடு அவர் பணிமனையில்கூட இழுத்ததில்லை.

கோட்டும் சூட்டுமாக டோனி வந்து பக்கத்தில் நின்றான். "மாமா, பெலிண்டா எங்க?"

"வரும் மாப்பிள்ளை. கார்ல வருது."

"கார் உங்க பின்னாடி நிக்குது மாமா."

அடைக்கலராஜ் திரும்பிப் பார்த்தார். மாலையும் ரிப்பனும் அப்படியே இருந்தன. டிரைவர் வேப்பமரத்தடியில் பேண்டுக்காரர்களோடு டீ குடித்துக்கொண்டிருந்தான்.

பத்து நாற்பத்திரண்டுக்குப் பிரான்சியின் பழைய மாருதி வேன் புகை விட்டுக்கொண்டு வந்து நின்றது. முதலில் லூர்துராணி இறங்கினாள். ரிப்பன் கட்டிய காரையும் புருஷனையும் மாறி மாறிப் பார்த்தாள். பிறகு வெள்ளைப் பட்டில் பெலிண்டா, முக்காட்டைக் கையில் சுருட்டிப் பிடித்துக்கொண்டு. கடைசியாகப் பிரான்சி. அவர் மேசைக்கு முன்னால் வந்து பதிவேட்டை எட்டிப் பார்த்தார். முப்பத்திரண்டு வருஷத்துக்குப் பிறகு வாயைத் திறந்தார்.

"கோடு போட்டாச்சா மச்சான்?"

பெலிண்டா பூச்செண்டை டோனியிடம் கொடுத்துவிட்டுக் குனிந்தாள். கோட்டுக்கு மேலே இடமில்லை. கோட்டுக்குக் கீழே கையெழுத்துப் போட்டாள். செல்லக்கிளி சிவப்புப் பேனாவின் மூடியைத் திறந்து, பணிவாக அவர் கையில் வைத்தாள். "பத்து பத்துக்கு மேல வந்தா சிவப்பு மைதான்னு ஆர்டர்ல இருக்கு சார்" என்றாள். "நீங்க சொல்லித்தான் டைப் பண்ணினேன்."

பேண்டு நின்றிருந்தது. பங்குத் தந்தை படியில் நின்று கடிகாரத்தைப் பார்த்தார். நீலாழி நாட்டார் நாற்பத்து மூன்று பேரும் பார்த்தார்கள். பிரான்சி பார்த்தார். அடைக்கலராஜ் பேனாவை மகள் பெயருக்கு நேரே கொண்டுபோனார். தாத்தா, அப்பா, தொண்ணூற்றாறு வருஷம், வேப்பிலை. பேனா முனைக்கும் தாளுக்கும் நடுவே ஒரு நூல் இடைவெளி இருந்தது. அந்த நேரத்தில் அவர் கண் தாளின் தலைப்பில் போய் விழுந்தது. தேதி என்று அச்சடித்திருந்த கட்டம் காலியாக இருந்தது. இல்நாளுக்குத் தேதி எழுதுவதில்லை.

அவர் நிமிர்ந்தார். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"லேட்டுன்னா ஒரு நாள்ல லேட்டா வந்திருக்கணும்" என்றார், எல்லாருக்கும் கேட்கும்படி. "இது நாளே இல்லை. நாளில்லாதப்ப மணி ஏது, மணியில்லாதப்ப லேட் ஏது?" பேனாவை மூடிச் சட்டைப் பையில் செருகினார்.

சேக் மைதீன் கைக்குட்டையை எடுத்துக் கண்ணைத் துடைத்தார். "வெளியாள் ஒருத்தர் இதைப் புரிஞ்சுகிட்டது இதுதான் சார் முதல் தடவை" என்றார்.

"உபகுழுவில ஒரு ஸ்தானம் காலியா இருக்கு" என்றார் ரெங்கராஜ்.

பிரான்சி மட்டும் அசையவில்லை. "அப்ப தொண்ணூத்தி நாலுல மச்சான்?"

"அது ஆகஸ்ட் மாசம்" என்றார் அடைக்கலராஜ். "நாள் இருந்துச்சு."

பிரான்சி சிரித்துவிட்டார். பிறகு தோளில் கை போட்டு, கிரீஸ் இல்லாத அந்தக் கையாலேயே, அவரைக் கோயிலுக்குள் தள்ளிக்கொண்டு போனார்.

பூசை முடிந்தது. பீடத்துக்குப் பின்னாலிருந்த அறையில் பங்குத் தந்தை கல்யாணப் பதிவேட்டை விரித்தார். டோனி கையெழுத்துப் போட்டான், பெலிண்டா போட்டாள். சாட்சிக்கு அடைக்கலராஜும் பிரான்சியும் நின்றார்கள். திறந்திருந்த கதவுக்கு வெளியே, பந்திக்குக் கூப்பிடுவதை எதிர்பார்த்து, சேக் மைதீனும் ரெங்கராஜும் குழுவும் நின்றிருந்தார்கள்.

பங்குத் தந்தை பேனாவை எடுத்தார். "இன்னிக்குத் தேதி பன்னிரண்டுதானே அடைக்கலராஜ்?" என்று கேட்டார். அவருக்குப் பிரசங்கம் செய்து பழகிய குரல்.

அடைக்கலராஜ் போய்க் கதவைச் சாத்தினார். தாழ்ப்பாளையும் போட்டார். திரும்பி வந்து பதிவேட்டின்மேல் குனிந்தார்.

"ஆமாங்க சாமி" என்றார். "மெதுவாச் சொல்லுங்க."